எட்டுக்கு ஒருவர்

டீ நன்றாக இருந்தது, மேடம். சர்க்கரைதான் அரைக் கரண்டி கூடுதல். உங்கள் ஸ்டேஷன் வாசலில் இருக்கும் கடைக்காரரை மட்டும் குறை சொல்ல முடியாது. பல்லடம் ரோட்டில் பத்துக் கடையில் ஏழு கடைக்காரர்கள் இப்படித்தான் போடுகிறார்கள். குடித்துப் பார்த்துத்தான் சொல்கிறேன். பத்துக்கு ஏழு என்றால் நூறுக்கு எழுபது. நூறு கடைக்கும் போய்க் குடித்துக்கொண்டிருக்க யாருக்கு நேரம் இருக்கிறது?

எழுதித் தரச் சொன்னீர்கள், எழுதுகிறேன். நடுநடுவே எழுந்து நடப்பேன், அதை மட்டும் பொறுத்துக்கொள்ள வேண்டும். கான்ஸ்டபிள் சதீஷ்குமார் இதுவரை மூன்று முறை, "உக்காருங்கண்ணா, தலை சுத்துது" என்று சொல்லிவிட்டார். செவ்வாய்க்கிழமை மதியத்திலிருந்து என்னால் ஐந்து நிமிடம் சேர்ந்தாற்போல் உட்கார முடியவில்லை. உட்கார்ந்தால் கால் தானாக ஆடுகிறது. போதாததற்கு இந்த ஃபேன் வேறு கடகடவென்று சுற்றுகிறது.

நீங்கள் கேட்டது ஒரே கேள்வி. முந்நூற்று இருபது பேர் வேலை செய்யும் கம்பெனியில், சாயத்தண்ணீர்த் தொட்டிக்குள் இறங்கிச் சாக தபனை மட்டும் ஏன் கூப்பிட்டேன்? வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் சஸ்மிதாவும் இதையேதான் கேட்டாள். நான் எழுதி முடித்ததும் அவளுக்கு வாசித்துக் காட்டுவதாகச் சொன்னீர்கள். அதனால் சுற்றி வளைக்காமல் எழுதுகிறேன். அவளுக்குத் தமிழ் நன்றாகவே புரியும்.

என் பெயர் மகுடேஸ்வரன், வயது நாற்பத்து மூன்று. சொந்த ஊர் பொங்கலூர் பக்கம். மனைவி மைதிலி, மகள் யாழினி ஏழாம் வகுப்பு படிக்கிறாள். பனியன் கம்பெனிக்கு நான் முதலில் வந்தது செக்கிங் செக்‌ஷனுக்கு. தைத்து வரும் பனியனை மேசையில் விரித்து, ஓட்டை, கறை, தையல் விட்ட இடம் எல்லாம் பார்த்து, குறை இருந்தால் 'ஆல்டர்' என்று ஸ்டிக்கர் ஒட்டுகிற வேலை. அங்கே கற்றுக்கொண்ட பாடம்தான் இன்றுவரை எனக்குச் சோறு போட்டது.

ஆயிரத்து இருநூறு பீஸ் ஒரு லாட் என்று வைத்துக்கொள்ளுங்கள். அத்தனையும் பார்க்க மாட்டோம். எண்பது பீஸை அங்கொன்றும் இங்கொன்றுமாக உருவுவோம். நாலு ஆல்டர் வந்தால் இருபதுக்கு ஒன்று. அப்படியானால் லாட் முழுவதும் அறுபது இருக்கும். பிரித்துப் பார்த்தால் ஐம்பத்தெட்டோ அறுபத்திரண்டோ வரும். ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்று சும்மாவா சொன்னார்கள்? பெட்டிக்குள் இருப்பதைப் பெட்டியைத் திறக்காமலே சொல்ல முடிவது எனக்கு அந்த வயதில் பெரிய சந்தோஷமாக இருந்தது. அந்தச் சாமர்த்தியத்தைப் பார்த்துத்தான் முதலாளி கிட்டுசாமி என்னை ஆபீஸுக்கு மாற்றினார். எட்டு வருடமாக ஆட்களைப் பார்க்கும் மேனேஜர் நான்தான்.

நான் கல்நெஞ்சக்காரன் இல்லை என்பதற்கு ஒன்று சொல்கிறேன். மூன்று வருடத்துக்கு முன்னால் தையல் லைனில் மருதாள் என்று ஒரு பெண் கரண்ட் அடித்து இறந்து போனாள். தெற்கத்திப் பெண், பத்தொன்பது வயது. ஊரிலிருந்து நாற்பது பேர் வேன் பிடித்து வந்து கேட்டில் உட்கார்ந்தார்கள். இரண்டு பகல் உட்கார்ந்திருந்தார்கள். அவளுடைய அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஒங்களப் பாத்துத்தானய்யா எம்பிள்ளைய இங்ஙன விட்டுட்டுப் போனேன்" என்றே திரும்பத் திரும்பச் சொன்னார். அதட்டவில்லை, திட்டவில்லை. அந்தக் கை என் மணிக்கட்டில் இன்னும் இருக்கிறது. அன்றைக்கு எனக்கு ஒன்று தோன்றியது. ஒரு சாவு எவ்வளவு பெரியது என்பதை அழுகிறவர்களை எண்ணித்தான் சொல்ல முடியும். நாற்பது பேர் அழுதால் அது நாற்பது சாவு. யாருமே அழாவிட்டால் என்ன கணக்கு என்று அப்போது நான் யோசிக்கவில்லை.

போன மாதம் எங்கள் பனியனை வாங்கும் வெளிநாட்டு பையரிடமிருந்து மெயில் வந்தது. ஒவ்வொரு தொழிலாளிக்கும் ஏதாவது ஆனால் யாருக்குச் சொல்ல வேண்டும், பெயரும் போன் நம்பரும் கம்பெனியில் இருக்கிறதா? வியாழக்கிழமை ஆடிட்டுக்கு வரும்போது காட்ட வேண்டும் என்றார்கள். முந்நூற்று இருபது பேரை உட்காரவைத்துக் கேட்டால் ஷிப்ட் என்னாவது? வருகைப் பதிவேட்டை எடுத்தேன். எட்டாவது பெயர், பதினாறாவது பெயர், இருபத்து நாலாவது பெயர் என்று எட்டுக்கு ஒருவராக நாற்பது பேரைப் பொறுக்கினேன். யாரையும் வேண்டுமென்று சேர்க்கவில்லை, வேண்டாமென்று விடவில்லை. தபன் இருநூற்று அறுபத்து நாலாவது பெயர். பதிவேட்டில் ஒரு வரி மேலேயோ கீழேயோ அவன் பெயர் இருந்திருந்தால் இன்று நான் இங்கே இருக்க மாட்டேன்.

நாற்பது பேரில் பாதிக்கு மேல் ஒடிசா ஆட்கள். எனக்கு அவர்கள் பாஷை தெரியாது. அதற்குத்தான் சஸ்மிதாவைக் கூப்பிட்டேன். செக்கிங்கில் நாலு வருடமாக இருக்கிறாள். நான் பார்த்த செக்கர்களில் அவள் கண்ணுக்கு ஈடு கிடையாது. தமிழும் நம்மூர்க்காரி மாதிரியே 'ங்க' போட்டுப் பேசுவாள். ஒவ்வொருவராக வர வர, அவள் கேட்பாள், நான் எழுதுவேன். அம்மா, அண்ணன், மாமா, ஊர் வார்டு மெம்பர் என்று ஏதோ ஒரு நம்பர் சொன்னார்கள்.

தபன் வந்தான். கான்ட்ராக்டர் மூலமாக வந்து இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. சாயப்பட்டறையில் வேலை, ஒல்லியான ஆள். சஸ்மிதா அவனிடம் ஒன்றும் கேட்கவில்லை. பேப்பரைப் பார்த்து லேசாகச் சிரித்தாள்.

"இவருக்கு எழுத வேண்டாங்க சார்" என்றாள்.

"ஏன், ஊட்டுல யாருமில்லையா?"

"ஊர்ல யாரும் இல்லீங்க சார்."

நான் கட்டத்தில் ஒரு கோடு போட்டு, அடுத்த ஆளைக் கூப்பிட்டேன்.

முடிவில் பார்த்தால் ஆறு பேருக்குக் கட்டம் காலி. நாற்பதுக்கு ஆறு, சுருக்கினால் இருபதுக்கு மூன்று. முந்நூற்று இருபதுக்கு நாற்பத்தெட்டு. அன்று சாயங்காலம் யாழினி ஏதோ விகிதக் கணக்கு புரியவில்லை என்று நோட்டைத் தூக்கிக்கொண்டு வந்தாள். இதையே உதாரணமாக வைத்துச் சொல்லிக் கொடுத்தேன். சட்டென்று பிடித்துக்கொண்டாள். "அப்ப அந்த நாப்பத்தெட்டுப் பேருக்கும் யாருமே இல்லையாப்பா, பாவம்" என்றாள். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

உண்மையைச் சொல்ல வேண்டும் அல்லவா, சொல்கிறேன். எனக்கு ஒரு நிம்மதி வந்தது. என் கம்பெனியில் நாற்பத்தெட்டுப் பேர் இருக்கிறார்கள், அவர்களில் யாருக்கு என்ன ஆனாலும் கேட்டில் ஒருவரும் வந்து உட்கார மாட்டார்கள், என் மணிக்கட்டை யாரும் பிடிக்க மாட்டார்கள். அந்த எண் மனசுக்குள் புகுந்ததிலிருந்து என்னால் ஒரு இடத்தில் இருக்க முடியவில்லை. காரணமே இல்லாமல் லைன் லைனாக நடப்பேன். இவனா, இவளா என்று முகங்களைப் பார்ப்பேன். கட்டிங்கில் நாலு பேர் இருக்க வேண்டும், அயர்ன் டேபிளில் மூன்று பேர் இருக்க வேண்டும் என்று மனசு பிரித்துக்கொண்டே போகும். "என்னங்க சார், எதையாச்சும் தொலைச்சுப் போட்டீங்களா?" என்று ஒரு டெய்லர் கேட்டே விட்டார்.

செவ்வாய்க்கிழமை காலையில் பம்ப் நின்றுவிட்டது. சாயம் போட்ட தண்ணீர் சுத்திகரிப்புக்குப் போகும் முன்னால் வந்து விழுகிற தொட்டி அது. பதினான்கு அடி ஆழம். அடியில் பஞ்சும் சகதியும் சேர்ந்து பம்ப்பின் வாயை அடைத்துக்கொண்டது. உறிஞ்சி எடுக்கிற லாரிக்கு அவிநாசிக்குப் போன் போட்டேன். சனிக்கிழமைதான் வரும் என்றார்கள். ஆடிட் வியாழக்கிழமை. தண்ணீர் தொட்டியை மீறி வாசல்வரை வந்து நின்றது. வேறு மோட்டார் வைத்துத் தொட்டித் தண்ணீரை இடுப்பளவுக்கு இறைத்தும், அடியில் இருந்த அடைப்பு வரவில்லை.

முதலாளி வந்து எட்டிப் பார்த்தார். "மகுடு, இத இப்படியே அவங்க பாத்தா ஆர்டரு போச்சப்பா. எப்படியோ நாளைக்குள்ள முடிச்சுப்போடோணும்" என்றார். ஆளை இறக்கு என்று அவர் சொல்லவில்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள். எப்படி முடிப்பது என்று அவர் கேட்கவும் இல்லை.

தொட்டியைப் பார்த்துக்கொள்பவர் வெள்ளியங்கிரி அண்ணன். பன்னிரண்டு வருட அனுபவம். அவர் ஒரேயடியாக மறுத்துவிட்டார். "அதுக்குள்ளார ஆள எறக்கப்படாதுங்க சார். நெஞ்ச அடைச்சுப்போடுமுங்க. லாரி வரட்டும், நாலு நாள்ல குடியா முழுகிப்போகுது?" காற்றைச் சோதிக்கிற சின்ன மீட்டர் ஒன்று எங்களிடம் இருக்கிறது, விஷக்காற்று இருந்தால் கத்தும். ஆடிட்டர்களுக்குக் காட்ட வாங்கியது. அதைக் கயிற்றில் கட்டி உள்ளே விட்டார். பாதி ஆழம் போவதற்குள் அது கத்த ஆரம்பித்தது. மேலே இழுத்த பிறகும் கொஞ்ச நேரம் கத்தியது. நான் அதை வாங்கி, அணைத்து, என் மேசை டிராயரில் வைத்தேன். டிராயர் இன்னும் பூட்டித்தான் இருக்கிறது, சாவி என் சட்டைப் பையில் இருக்கிறது. மீட்டருக்குள் அந்த நேரமும் அளவும் பதிவாகியிருக்கும். எடுத்துக்கொள்ளுங்கள்.

ஆக, எனக்குத் தெரியாது என்று நான் சொல்லவில்லை. இறங்குகிறவன் செத்துப்போக வாய்ப்பு அதிகம் என்று தெரிந்துதான் நாற்காலியில் வந்து உட்கார்ந்தேன். யாரை இறக்குவது என்பதுதான் பாக்கி. கண்ணில் பட்டவனைக் கூப்பிட்டிருக்கலாம், நிறைய இடங்களில் அப்படித்தான் செய்கிறார்கள். எனக்கு அது அநியாயமாகப் பட்டது. கண்ணில் பட்டவனுக்கு ஊரில் மூன்று பிள்ளைகள் இருந்தால்? நான் பொறுப்பாக யோசித்தேன். நாற்பத்தெட்டுப் பேர் இருக்கிறார்கள், ஆனால் பெயர் தெரிந்தவர்கள் ஆறு பேர்தான். ஃபைலை எடுத்தேன். தையல் பெண்கள் மூன்று பேர். அயர்ன் டேபிளில் கால் சற்று இழுத்து நடப்பவர். அறுபதைத் தாண்டிய பகல் வாட்ச்மேன். தபன். பார்த்தாலே தெரிகிறது, ஏணியில் இறங்கி ஏறக்கூடிய உடம்பு ஒன்றுதான்.

தபனைக் கூப்பிட்டு அனுப்பினேன். பாஷை வேண்டுமே, சஸ்மிதாவையும் கூப்பிட்டேன்.

இந்த இடத்தை எழுதுவதற்கு முன்னால் நான் எழுந்து ஜன்னல்வரை போய்விட்டு வந்தேன். கதவு இடுக்கில் அவள் தெரிகிறாள். கைகளை மடியில் வைத்துக்கொண்டு நேராக உட்கார்ந்திருக்கிறாள். செக்கிங் மேசையிலும் அப்படித்தான் இருப்பாள்.

தொட்டியில் இறங்கி அடைப்பை எடுக்க வேண்டும், பத்து நிமிட வேலை, என்று அவளிடம் சொன்னேன். அவள் உடனே மொழிபெயர்க்கவில்லை.

"உள்ள காத்து இருக்குங்களா சார்?" என்று கேட்டாள்.

"இருக்குது கண்ணு. மீட்டர் வெச்சுப் பாத்தாச்சு" என்றேன்.

அவள் அவனிடம் திரும்பிச் சொன்னாள். நான் சொன்னது நாலு வார்த்தை, அவள் சொன்னது அதைவிட நீளமாக இருந்தது. அவன் என்னைப் பார்க்கவே இல்லை, அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு தலையாட்டினான். போகும்போது பாக்கெட்டிலிருந்த போனை எடுத்து அவளிடம் கொடுத்தான். தண்ணீரில் விழுந்துவிடும் என்று கொடுக்கிறான் என்று நினைத்தேன். அவள் வாங்கி, வேலைக்குப் போடும் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டு செக்கிங்குக்குப் போனாள்.

பதினொன்று நாற்பதுக்கு இறங்கினான். வேண்டாம் என்று சொல்லிக்கொண்டேதான் வெள்ளியங்கிரி அண்ணன் அவன் இடுப்பில் கயிறு கட்டினார். ஏழெட்டுப் படி இறங்கியதும் நின்றான், மேலே பார்த்தான். ஏதோ சொல்ல வாயைத் திறந்தான். அதன் பிறகு கயிறு கனத்தது. வெள்ளியங்கிரி அண்ணனும் இரண்டு பேரும் சேர்ந்து இழுத்துப் போட்டபோது பன்னிரண்டு ஆகவில்லை. அண்ணன் தலைத்துண்டை அவிழ்த்து அவன் முகத்தைத் துடைத்துவிட்டார்.

நான் கேட்டைப் பார்த்தேன். அது எனக்கே தெரியாமல் நடந்தது. கேட்டில் யாரும் இல்லை. கணக்கு சரியாக வந்திருக்கிறது என்று ஒரு நொடி நினைத்தேன்.

சத்தம் பின்னாலிருந்து வந்தது. செக்கிங் செக்‌ஷன் படிக்கட்டில் சஸ்மிதா இறங்கி ஓடி வந்தாள். நூல் வெட்டுகிற சின்னக் கத்தரி இன்னும் விரலில் மாட்டியிருந்தது. அவன் மேல் விழுந்தாள். அதற்குப் பிறகு வந்த சத்தத்தை நான் எழுத மாட்டேன். அவளுக்குப் பின்னால் தையலிலிருந்து ஒருவன் வந்தான், அவளுடைய தம்பியாம். பேக்கிங்கிலிருந்து தபனுடைய சித்தப்பா, கட்டிங்கிலிருந்து இரண்டு பேர். மெஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன. நான் எண்ணினேன், மேடம். பழக்கம், விட முடியவில்லை. இருபத்து மூன்று பேர். ஒரே ஊர்க்காரர்கள். ஆளே இல்லாதவன் என்று நான் எழுதி வைத்தவனுக்கு, அந்தக் காம்பவுண்டுக்குள் வேறு யாருக்கும் இல்லாத அளவுக்கு ஆட்கள்.

சஸ்மிதா அவன் மனைவி. கல்யாணமாகி ஆறு வருடம். எனக்கு அது தெரியாமல் போனதற்கு என் ஹாஸ்டல் விதிதான் காரணம். எங்கள் ஹாஸ்டலில் ஆண்களுக்கு ஒரு கட்டிடம், பெண்களுக்கு ஒரு கட்டிடம். ஜோடிகளுக்கு இடமில்லை, வெளியே வீடு பார்த்துக்கொள்ள வேண்டும் என்று எழுதி ஒட்டியவன் நான். வடக்கத்தி ஜோடிக்கு இங்கே யார் வீடு கொடுக்கிறார்கள்? அதனால் எல்லோரும் 'திருமணமாகவில்லை' என்று எழுதிவிட்டுக் கட்டில் வாங்கிக்கொள்கிறார்கள். அவள் வேலைநாளில் வகிட்டுக் குங்குமத்தை அழித்துவிடுவாள். இரண்டு பேருக்கும் சேர்த்து இருந்தது ஒரே போன். அந்த நம்பரைத் தபன் வேலைக்குச் சேரும்போதே தன் நம்பராகக் கொடுத்துவிட்டான், பேப்பரில் மேலே அதுதான் இருந்தது. கீழே எழுத வேறு நம்பர் இல்லை. அவனுக்கு ஏதாவது ஆனால் சொல்ல வேண்டிய ஆள் என் பக்கத்தில் உட்கார்ந்து மொழிபெயர்த்துக்கொண்டிருந்தாள்.

நான் கேட்ட நாற்பதில் ஹாஸ்டல்காரர்கள் இருபத்திரண்டு பேர். பேப்பரில் இருபத்திரண்டு பேரும் திருமணமாகாதவர்கள். செக்கிங்கில் முதல் வாரமே சொல்லிக் கொடுப்பார்கள், ஒரு லாட்டில் ஒரு ஆல்டர்கூட வரவில்லை என்றால் துணி நன்றாக இருக்கிறது என்று நினைக்காதே, செக்கர் சரியாகப் பார்க்கவில்லை என்று நினை, திரும்பப் பார். நான் திரும்பப் பார்க்கவில்லை. அது என் தப்பு, ஒப்புக்கொள்கிறேன்.

நேற்று புதன்கிழமை ஹாஸ்டலுக்குப் போய் மற்ற ஐந்து பேரைப் பற்றியும் விசாரித்தேன். யாரும் என்னோடு பேச விரும்பவில்லை, வெள்ளியங்கிரி அண்ணன் கேட்டுச் சொன்னார். தையல் பெண்கள் மூன்று பேருக்கும் அக்கா, தம்பி, புருஷன் என்று ஆள் எங்கள் கம்பெனியிலேயே இருக்கிறார்கள். அயர்ன்காரருக்கு மருமகன் பேக்கிங்கில் இருக்கிறான். வாட்ச்மேன் மட்டும்தான் நிஜமாகவே தனி ஆள். ஆக, தபனையும் சேர்த்தால் ஆறில் ஐந்து பேருக்கு ஆள் இருக்கிறார்கள். ஆறுக்கு ஐந்து என்றால் நாற்பத்தெட்டுக்கு நாற்பது. யாருமே இல்லாதவர்கள் எட்டுப் பேர்தான், மேடம். கணக்கில் பிழை கிடையாது, நான் கேட்ட கேள்வியில்தான் குறை. 'உங்கள் ஆள் இங்கேயே வேலை செய்கிறாரா' என்று ஒரு வரி சேர்த்திருந்தால் தபன் உயிரோடு இருப்பான். நான் வாட்ச்மேனைக் கூப்பிட்டிருப்பேன். ஏணியில் இறங்க அவருக்குக் கொஞ்சம் நேரம் பிடித்திருக்கும், அவ்வளவுதான்.

சஸ்மிதா, இதுதான் பதில். உன் வீட்டுக்காரரை நான் கூப்பிட்டது அவர்மேல் கோபத்தால் இல்லை. அவருக்காக அழ யாரும் இல்லை என்று நினைத்தேன். காற்று இருக்கிறதா என்று நீ கேட்டாய், இல்லை என்று தெரிந்தே இருக்கிறது என்றேன். அந்தப் பொய்யை உன் வாயாலேயே அவரிடம் சொல்ல வைத்தேன். கொன்றது நான்தான்.

கையெழுத்துப் போட்டுவிட்டேன். இன்னும் ஒன்று இருக்கிறது, மேடம். காலையில் நீங்கள் கொடுத்த கைதுப் படிவத்தில் 'தகவல் தெரிவிக்க வேண்டிய உறவினர், தொலைபேசி எண்' என்று ஒரு கட்டம் இருந்தது. அதை நான் நிரப்பவில்லை. இன்று ஆடிட், வர நேரமாகும் என்று மைதிலியிடம் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். ஆடிட் தள்ளிப்போனது அவளுக்குத் தெரியாது. யாழினிக்கு நாளைக்குக் கணக்குப் பரீட்சை. அவள் காதுக்கு இது போக வேண்டாம். அதனால்தான் விட்டேன். கட்டம் காலியாக இருப்பதைப் பார்த்து, எனக்கு யாரும் இல்லை என்று முடிவு கட்டிவிடாதீர்கள்.